நான்கு மணிக்குள் ஊறிப்போன வெள்ளரி சாண்ட்விச்: ஒரு நிகழ்வு ஆய்வு

லண்டனுக்கு வடக்கே ஒரு தேவாலய மண்டபம். கூரை ஒழுகுவதைச் சரிசெய்யப் பணம் திரட்டுவதற்காகக் கோடையில் ஒரு சனிக்கிழமை மாலைத் தேநீர் விருந்து வைத்தார்கள். சுமார் 60 பேர் வந்தார்கள். சாப்பாடு இந்த ஊரில் எல்லாரும் எதிர்பார்ப்பதுதான். முட்டை மயோனைஸ், புகையூட்டிய சால்மன், செடார் சீஸ், வெள்ளரிக்காய் என்று நான்கு வகை சாண்ட்விச், அப்புறம் ஸ்கோன், கேக், வேண்டிய அளவு டீ. நான் அன்று பாத்திரம் கழுவும் இடத்தில் நின்றேன். எது எவ்வளவு மிஞ்சியது என்பதைப் பார்க்க அதைவிட நல்ல இடம் கிடையாது. முட்டைத் தட்டும் சால்மன் தட்டும் வழித்துத் துடைத்தது போல வந்தன. வெள்ளரித் தட்டுகளில் பாதிக்கு மேல் அப்படியே இருந்தது. சிலவற்றில் ஒரு கடி கடித்துவிட்டு ஓரமாக ஒதுக்கி வைத்திருந்தார்கள்.

உணவு தயாரிப்புத் தொழிலில் இருப்பவன் என்பதால், அடுத்த விருந்துக்குள் இது ஏன் இப்படி ஆயிற்று என்று பார்த்துச் சொல்லும்படி என்னிடம் கேட்டார்கள். நான் பார்த்ததும் பிறகு மாற்றியதும்தான் இந்தக் கட்டுரை.

அன்று காலை நடந்தது

வேலை 10 மணிக்குத் தொடங்கியது. நீள வகை வெள்ளரி ஐந்து, ஒவ்வொன்றும் ஏறக்குறைய 350 கிராம். தோலைச் சீவாமல், மூன்று மில்லிமீட்டர் கனத்தில் வட்ட வட்டமாக நறுக்கினார்கள். தடவுவதற்குக் கொழுப்பு குறைந்த கிரீம் சீஸ் 800 கிராம், அதில் ஒரு கப் தயிர், இரண்டு எலுமிச்சம்பழத்தின் சாறு. டில், வெங்காய வாடையுள்ள சைவ்ஸ், புதினா ஆகிய மூன்று தழைகளையும் கழுவி, நறுக்கிக் கலந்தார்கள். வெண்ணெய் தடவவில்லை. சீஸ் ஸ்ப்ரெட்தான் இருக்கிறதே, அதன் கீழே வெண்ணெய் எதற்கு, கொழுப்பு மேல் கொழுப்பு என்பது அன்றைய பேச்சு.

வெள்ளரியை அடுக்கிய பிறகு மேலே உப்பும் மிளகுத்தூளும் தூவினார்கள். மூடி, நாலு பக்க ஓரத்தையும் வெட்டி, ஒவ்வொன்றையும் விரல் என்று சொல்லும் மூன்று நீளத் துண்டுகளாக நறுக்கினார்கள். டிரேயில் மூன்றடுக்காக வைத்து, கிளிங் ஃபிலிம் என்ற மெல்லிய பிளாஸ்டிக் தாளை இறுக்கிச் சுற்றி ஃப்ரிட்ஜுக்குள் தள்ளியபோது மணி பதினொன்றரை. மேசைக்கு வந்தது நான்கு மணிக்கு.

இதில் கவனக்குறைவு என்று சொல்ல எதுவும் இல்லை. ஃப்ரிட்ஜில் வைத்தது பாதுகாப்புக்காக. உப்பைக் கடைசியில் போட்டது ருசி பார்த்துப் போடுவதற்காக. கொழுப்பு குறைந்த சீஸ் வாங்கியதும், வருகிறவர்களில் பாதிப் பேர் எழுபது தாண்டியவர்கள் என்பதற்காக. ஒவ்வொன்றையும் தனியாக எடுத்தால் நியாயம் தெரிகிறது. எல்லாம் ஒரே பிரெட்டுக்குள் சேர்ந்ததுதான் வினை.

பிரித்துப் பார்த்தபோது

மீந்ததில் ஒன்றை எடுத்துப் பிரித்தேன். மேல் பிரெட் தானாகவே வழுக்கிக்கொண்டு வந்தது. அடிப் பிரெட்டில் வெள்ளரி வட்டங்கள் அப்படியே அச்சு விழுந்திருந்தன. அந்த வட்டங்களுக்குள் பிரெட் வெள்ளையாக இல்லை. எண்ணெய் பட்ட காகிதம் மாதிரி சாம்பல் பூத்து, விரல் வைத்தால் மாவாக ஒட்டியது. ஆனால் வெட்டிய ஓரங்கள் காய்ந்து விறைத்திருந்தன. ஸ்ப்ரெட் இருந்த இடத்தில் பால் கலந்த தண்ணீர், அதில் பச்சைத் துணுக்குகளும் இரண்டொரு விதைகளும். வெள்ளரித் துண்டை எடுத்து வளைத்தால் முழுதாக மடிந்தது, முறியவில்லை. வாயில் போட்டால் சைவ்ஸின் வெங்காய வாடைதான் முன்னே நின்றது, வெள்ளரியின் வாசனை தேடினாலும் கிடைக்கவில்லை. டிரேயின் அடியடுக்கில் இருந்தவை இன்னும் மோசம்.

தட்டு துடைத்துக்கொண்டிருந்த யாழ்ப்பாணத்து அக்கா ஒருவர் எட்டிப் பார்த்தார்.

“உப்பு எப்ப போட்டவை?”

“கடைசியிலதான் அக்கா. வெள்ளரி அடுக்கினப்புறம்.”

“அப்ப தண்ணி பாணுக்குள்ளதானே இறங்கும்!”

பாண் என்று அவர் சொன்னது பிரெட்டை. பாதி விசாரணை அங்கேயே முடிந்துவிட்டது. மீதிப் பாதிக்குத்தான் எனக்கு நேரம் பிடித்தது.

உப்பு போட்ட நேரம்

வெள்ளரிக்காயில் நூற்றுக்குச் சுமார் 95 பங்கு தண்ணீர். நறுக்கிய துண்டின் மேல் உப்பு விழுந்ததும், செல்லுக்கு வெளியே உப்பு கூடிவிடுகிறது. உள்ளே இருக்கும் தண்ணீர் செல்சவ்வைக் கடந்து வெளியே இழுபடுகிறது. தயிர்ப் பச்சடிக்கு வெள்ளரியை உப்பிட்டுப் பிழிந்து போடுகிறவர்களுக்கு இது தெரிந்த விஷயம்தான். ஒரு நீள வெள்ளரியை மெல்லிசாகச் சீவி, ஒரு தேக்கரண்டி உப்புப் புரட்டி, வடிதட்டில் அரை மணி நேரம் வைத்து, துணியில் அழுத்தி எடுத்தால் கால் கப்புக்குச் சற்றுக் குறைவாகத் தண்ணீர் வரும். ஐந்து காய்க்கு அது ஒரு டம்ளர்.

அந்த ஒரு டம்ளர் அன்று வடிதட்டில் இறங்கவில்லை. சாண்ட்விச்சுக்குள்ளேயே, நாலரை மணி நேரத்தில், மெதுவாக இறங்கியது. உப்புப் போட்டது தப்பில்லை, போட்ட நேரம்தான் தப்பு. உப்பே போடாமல் விட்டிருந்தால்கூட இந்த அளவுக்கு ஊறியிருக்காது.

இன்னொன்றும் கவனிக்க வேண்டும். ஸ்ப்ரெட்டிலேயே உப்பைக் கலந்து விடுகிறவர்கள் உண்டு. தூவுவது போலத் தெரியாததால் அது பாதுகாப்பானது என்று தோன்றும். வெள்ளரியின் முதுகு முழுக்க அந்த ஸ்ப்ரெட் ஒட்டிக்கொண்டு இருப்பதால் விளைவு அதேதான்.

ஸ்ப்ரெட் சுவராக நிற்குமா?

எனக்கு நேரம் பிடித்தது என்று சொன்னது இந்த இடம். வெள்ளரி சாண்ட்விச்சில் வெண்ணெய்க்கு இரண்டு வேலை. ஒன்று ருசி. மற்றது, பிரெட்டுக்கும் காய்க்கும் நடுவில் தண்ணீர் புகாத ஒரு பூச்சு. ஸ்ப்ரெட் முதல் வேலையை வெண்ணெயைவிட நன்றாகவே செய்யும். இரண்டாவது வேலை அதற்கு வராது.

காரணம் கணக்கில் இருக்கிறது. பிரிட்டனில் வெண்ணெய் என்ற பெயரில் விற்க வேண்டுமானால் குறைந்தது 80 சதவீதம் கொழுப்பு இருக்க வேண்டும், தண்ணீர் 16 சதவீதத்தைத் தாண்டக் கூடாது. முழுக் கொழுப்புள்ள கிரீம் சீஸிலேயே பாதிக்கு மேல் தண்ணீர். கொழுப்பு குறைந்த வகையில் அது முக்கால் பங்கை நெருங்கும். அதில் தயிர் ஒரு கப், எலுமிச்சைச் சாறு, கழுவிய தழையில் ஒட்டியிருந்த ஈரம். வெள்ளரி ஒரு பக்கம் தண்ணீர் விட, சுவராக நிற்க வேண்டியது மறுபக்கம் தண்ணீர் விட்டது.

சரி, தயிரும் எலுமிச்சைச் சாறும் ஏன் சேர்த்தார்கள்? கையில் இருந்த செய்முறை அப்படிச் சொன்னது. அது அமெரிக்கச் செய்முறை. அங்கே கிரீம் சீஸ் 8 அவுன்ஸ் கட்டியாக, வெள்ளித் தாளில் சுற்றி வரும். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்தால் கத்தியால்தான் வெட்ட வேண்டும். அதை இளக்காமல் பிரெட்டில் தடவினால் பிரெட் பிய்ந்துவிடும், அதனால் தயிரோ சாறோ கேட்பது நியாயம். இங்கிலாந்தில் டப்பாவில் விற்பது ஏற்கெனவே இளக்கம். பெயர் ஒன்று, சரக்கு வேறு. சீஸ்கேக் செய்கிறவர்கள் இந்த வித்தியாசத்தைப் பற்றிப் புலம்பாத நாளில்லை. இந்த சீஸின் கதையிலேயே பெயர்க் குழப்பம் இருக்கிறது. 1872ஆம் ஆண்டு நியூயார்க் மாநிலத்தின் செஸ்டர் என்ற ஊரில் வில்லியம் லாரன்ஸ் என்ற பால்பண்ணைக்காரர் செய்யத் தொடங்கியது இது. 1880இல் அதற்கு பிலடெல்பியா என்று பெயர் வைத்தார்கள், பிலடெல்பியா நகரத்தின் பால்பொருளுக்கு நல்ல பேர் இருந்ததால்.

சிறு சோதனைகள்

ஊகத்தை வைத்து மண்டபக்காரர்களிடம் பேசப் பிடிக்கவில்லை. அதே பிரெட், அதே வெள்ளரி, அதே ஃப்ரிட்ஜ் சூடு வைத்து, ஒவ்வொரு தடவையும் ஒன்றை மட்டும் மாற்றி வீட்டில் செய்து பார்த்தேன்.

உப்பில்லாத வெள்ளரி, இளக்காத கெட்டி ஸ்ப்ரெட், வெண்ணெய் இல்லை: பிரெட் ஈரப்பட்டது, ஆனால் தூக்கினால் நின்றது. அதே சாண்ட்விச்சில் அடுக்கிய பின் உப்புத் தூவியதும் மண்டபத்தில் பார்த்த அந்த அச்சு வட்டங்கள் அப்படியே வந்துவிட்டன. உப்பைத் தூவி, ஆனால் கீழே வெண்ணெய் பூசியபோது விநோதமாக இருந்தது. பிரெட் காப்பாற்றப்பட்டது. தண்ணீர் போக வழியில்லாமல் நடுவில் தேங்கி, கடித்ததும் பக்கவாட்டில் வழிந்தது. சட்டைக்கு ஆபத்தே தவிர, பிரெட்டுக்கு இல்லை. முன்கூட்டியே உப்பிட்டு வடித்த வெள்ளரியோடு வெண்ணெயும் கெட்டி ஸ்ப்ரெட்டும் சேர்ந்தது ஒன்றுதான் நாலரை மணி நேரம் கழித்தும் சாண்ட்விச்சாக இருந்தது. அதன் வெள்ளரி வளைத்தால் வளையும், ஆனால் கடித்தால் நறுக்கென்ற சத்தம் இருந்தது. தண்ணீர் போன பிறகும் மொறுமொறுப்பு எப்படி நிற்கிறது என்று கேட்பார்கள். செல்சுவர்கள் உடையவில்லை, நெருங்கி இறுகியிருக்கின்றன, அவ்வளவுதான்.

வெண்ணெயிலும் ஒரு நுணுக்கம் தெரிந்தது. உருக்கிப் பூசினால் பிரெட்டுக்குள் இறங்கிவிடுகிறது, சுவராக நிற்பதில்லை. அறைச் சூட்டில் இளகி, விரலால் அழுத்தினால் குழியும் பதத்தில் இருக்க வேண்டும். தடவிய பிறகு பத்து நிமிடம் குளிர வைத்தால் இறுகிப் படலமாகிறது. ஓரத்தில் அரை சென்டிமீட்டர் விட்டாலும் ஈரம் அந்த வழியாக உள்ளே போகும். ஓரத்தைத்தான் வெட்டி எறியப் போகிறோமே என்று அங்கே சிக்கனம் பிடிப்பதுதான் எல்லாரும் செய்வது. வெட்டு எங்கே விழும் என்பதை முன்கூட்டித் துல்லியமாக யாரும் சொல்ல முடியாது.

நடுவில் ஈரம், ஓரத்தில் வறட்சி

பிரித்துப் பார்த்தபோது ஓரம் விறைத்திருந்ததைச் சொன்னேன். அது ஃப்ரிட்ஜின் வேலை. பிரெட்டில் வெந்து இளகியிருக்கும் மாவுச்சத்து, குளிரில் மறுபடி இறுகிப் படிகமாகிறது. வெளியே வைத்த பிரெட்டைவிட ஃப்ரிட்ஜில் வைத்தது சீக்கிரம் விறைப்பது இதனால்தான். இங்கே கடையில் கிடைக்கும் வெள்ளை பிரெட்டில் பெரும்பகுதி 1961இல் ஹெர்ட்ஃபர்ட்ஷையரின் சோர்லிவுட்டில் உருவான அதிவேகப் பிசைதல் முறையில் தயாராவது. பஞ்சு மாதிரி மென்மை, ஓட்டைகள் சிறியவை, சீரானவை. வெள்ளரி சாண்ட்விச்சுக்கு இதைவிட வசதியான பிரெட் இல்லை என்றுதான் சொல்வேன், புளித்த மாவு ரொட்டிக்காரர்கள் கோபித்துக்கொண்டாலும். அந்த மென்மைக்கு விலை, தண்ணீரைக் கண்டால் விடாமல் குடிப்பது.

சரி, ஃப்ரிட்ஜில் வைக்காமல் இருக்கலாமா? இங்கிலாந்து விதிப்படி இப்படிப்பட்ட குளிர் உணவு 8 டிகிரி செல்சியஸுக்குக் கீழே இருக்க வேண்டும். பரிமாறுவதற்காக வெளியே வைக்க ஒரு தடவை மட்டும் நான்கு மணி நேரம் வரை விலக்கு உண்டு. மீந்துபோனதை எறிய வேண்டும், அல்லது திரும்ப ஃப்ரிட்ஜில் வைக்க வேண்டும். இன்னொரு தடவை அப்படி வெளியே வைக்க முடியாது. இந்த நான்கு மணி நேரம்தான் புதுத் திட்டத்துக்குக் கதவு திறந்துவிட்டது.

இந்த சாண்ட்விச் காத்திருக்கப் பிறந்ததில்லை

செய்முறைகள் ஏன் இதையெல்லாம் சொல்வதில்லை என்று யோசித்தால், அவை யாருக்காக எழுதப்பட்டன என்ற கேள்வி வருகிறது. மாலைத் தேநீர் என்ற வழக்கத்தை 1840 வாக்கில் தொடங்கிவைத்தவராக பெட்ஃபர்ட் சீமாட்டி அன்னாவைச் சொல்வார்கள். மதியச் சாப்பாட்டுக்கும் இரவு விருந்துக்கும் நடுவே பசித்ததாம். அந்தக் காலத்தில் வெள்ளரி எளிதாகக் கிடைக்கிற காயில்லை. இங்கிலாந்தின் குளிரில் அதற்குக் கண்ணாடி வீடும் சூடும் வேண்டும். கண்ணாடி மேலிருந்த வரி 1845இல் நீங்கியது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் லண்டனுக்கு வடக்கே லீ பள்ளத்தாக்கில் கண்ணாடி வீடுகள் பெருகின. இன்றைக்கும் அந்தப் பக்கம் வெள்ளரிக்குப் பேர்போனது. ரயில் எஞ்சினால் பெயர் பெற்ற ஜார்ஜ் ஸ்டீஃபன்சன் தன் கடைசிக் காலத்தில் செஸ்டர்ஃபீல்டு பக்கம் டாப்டன் ஹவுஸில் இருந்தபோது, வளைந்து வளரும் வெள்ளரியைப் பொறுக்க முடியாமல் கண்ணாடிக் குழாய்க்குள் விட்டு நேராக வளர்த்தார். ரயில் பாதை போட்டவருக்கு நேர்க்கோட்டில் அவ்வளவு பிரியம்.

இப்படிச் செலவு பிடிக்கும் காயை மெல்லிசாகச் சீவிப் பிரெட்டில் வைத்துக் கொடுக்க அந்த வீடுகளில் வேலைக்காரர்கள் இருந்தார்கள். மணியடித்ததும் கீழே சமையலறையில் வெட்டி மேலே கொண்டுபோவார்கள். செய்ததற்கும் தின்றதற்கும் நடுவே நிமிடங்கள்தான். ஆஸ்கார் வைல்டு 1895இல் அரங்கேற்றிய நாடகத்தில் அல்ஜெர்னான் என்பவன் அத்தைக்காகச் செய்து வைத்த வெள்ளரி சாண்ட்விச் மொத்தத்தையும் அவள் வருமுன்னே தின்று தீர்ப்பான். அவன் தட்டில் ஊறிப்போக எதுவும் மிச்சமில்லை.

மண்டபத்தில் நடந்தது, உடனே தின்பதற்கான ஒரு பண்டத்தைப் பல மணி நேரம் காக்க வைத்தது. அதற்கு வேறு செய்முறை வேண்டும். காத்திருப்பைக் கணக்கில் எடுத்த ஒருத்தி அமெரிக்காவில் இருந்தாள். கென்டக்கியின் லூயிவில் நகரத்து ஜென்னி கார்ட்டர் பெனடிக்ட் 1893இல் கேட்டரிங் தொழில் தொடங்கினார். அவர் பெயரால் பெனடிக்டைன் என்றே அழைக்கப்படும் வெள்ளரி ஸ்ப்ரெட் அந்த ஊரில் இன்றும், முக்கியமாக மே மாதக் குதிரைப் பந்தய விருந்துகளில், தவறாமல் இருக்கும். பழைய முறையில் வெள்ளரித் துண்டு கிடையாது. துருவிப் பிழிந்த வெள்ளரிச் சாறும் வெங்காயச் சாறும் கிரீம் சீஸில், கொஞ்சம் உப்பு, காரத்துக்கு ஒரு சிட்டிகை மிளகாய்த்தூள், இரண்டு சொட்டுப் பச்சை நிறம். துண்டாக இருந்தால்தானே பிறகு தண்ணீர் விடும்? சாற்றை அளந்து சீஸிலேயே கட்டிவிட்டால் அங்கேயே முடிந்தது. வீட்டுக்கு வீடு விருந்து எடுத்துப்போகிற ஒரு கேட்டரிங் பெண்மணியின் மூளை இது என்பது என் ஊகம். அந்தப் பச்சை நிறச் சொட்டு மட்டும் எனக்கு ஒப்பவில்லை. நம் தழைகளே அந்த வேலையைச் செய்யும்.

அப்படியே பெனடிக்டைனுக்கு மாறிவிடலாமே என்று மண்டபத்தில் கேட்டார்கள். வேண்டாம் என்றேன். கடிக்கும்போது வரும் அந்தச் சத்தம் இல்லாவிட்டால், வருகிற பெரியவர்கள் அதை வெள்ளரி சாண்ட்விச் என்று ஒப்புக்கொள்ள மாட்டார்கள். ஜென்னி பெனடிக்டிடமிருந்து எடுத்துக்கொண்டது ஒன்றுதான்: காயின் தண்ணீரை எங்கே விட வேண்டும் என்பதைச் செய்கிறவர் முடிவு பண்ண வேண்டும்.

மாற்றிய முறை

40 முழு சாண்ட்விச், அதாவது 120 விரல்களுக்கான கணக்கு இது. பிரெட் நடுத்தரக் கனம், 80 துண்டு. வெள்ளரி ஐந்து. வெண்ணெய் 250 கிராம் பொட்டலம் இரண்டு, கொஞ்சம் மிஞ்சும். முழுக் கொழுப்பு கிரீம் சீஸ் 600 கிராம்.

முந்தின நாள் இரவே கிரீம் சீஸை மெல்லிய துணி விரித்த சல்லடையில் கொட்டி ஃப்ரிட்ஜில் வைக்க வேண்டும். காலையில் கீழே ஒரு கரண்டி மோர் போன்ற தண்ணீர் நிற்கும், சீஸ் கெட்டித் தயிர் பதத்தைத் தாண்டியிருக்கும். தயிர் வேண்டாம். புளிப்புக்குச் சாறு வேண்டாம், எலுமிச்சையின் மஞ்சள் தோலைத் துருவிப் போட்டால் வாசனை அதைவிட நன்றாக வருகிறது. வெள்ளைத் தோல் வரை போனால் கசக்கும்.

தழை விஷயத்தில் எனக்குப் பிடிவாதம் உண்டு. டில் இரண்டு பிடி, அதுதான் ராஜா. நம்மூரில் சதகுப்பைக் கீரை என்பார்களே, அதே செடிதான். வெள்ளரியோடு அதற்கு ஜென்மப் பொருத்தம். சைவ்ஸ் ஒரு சின்னக் கட்டு போதும். வெங்காயக் குடும்பம் சீஸில் உட்கார உட்கார வாடை கூடிக்கொண்டே போகும், காலையில் சரியாக இருந்தது மாலையில் முகத்தில் அடிக்கும். அன்று வாயில் முன்னே நின்றது அதுதான். புதினா ஆறேழு இலை, கூர்மையான கத்தியால் ஒரே வெட்டு. மொட்டைக் கத்தியால் நசுக்கினால் அரை மணியில் கறுத்துவிடும். மூன்றையும் கழுவித் துணியில் உதறி முழுக்க உலர்த்திய பிறகுதான் கத்தி. வெள்ளை மிளகுத்தூள் ஒரு சிட்டிகை. உப்பு கிடையாது.

வெள்ளரியின் இரு முனையையும் வெட்டி, தோலை முழுக்கச் சீவ வேண்டும். முனையை வெட்டித் தேய்த்துக் கசப்பு எடுக்கும் நம் பழக்கம் இந்தக் கண்ணாடி வீட்டு வகைக்குத் தேவையில்லை, இதில் கசப்பு இருக்காது. தோல் சீவுவது அழகுக்காக என்று பலரும் நினைக்கிறார்கள். தோலோடு இருந்தால் பல் அதை அறுப்பதில்லை, முதல் கடியிலேயே முழுத் துண்டும் வெளியே இழுபட்டு வந்துவிடும். ஒதுக்கி வைத்திருந்த அந்த ஒரு கடித் துண்டுகளில் பாதி இப்படித்தான். இரண்டு மில்லிமீட்டருக்கு மேல் கனம் போகக் கூடாது. அப்புறம் உப்பு, ஒரு காய்க்கு ஒரு தேக்கரண்டி. அரை மணி வடிய விட்டு, துண்டுகளைச் சுத்தமான டவலில் ஒற்றை அடுக்காகப் பரப்பி, மேலே இன்னொரு டவல் போட்டு உள்ளங்கையால் அழுத்த வேண்டும். பிழிந்தால் உடையும், அழுத்தினால் போதும். ஒரு துண்டை ருசி பார்க்க வேண்டும். கரித்தால் குளிர்ந்த தண்ணீரில் ஒரு முறை அலசி மறுபடி ஒற்றலாம். இதுவரையிலான வேலை முழுவதையும் மதியத்துக்குள் முடித்து, வெள்ளரியையும் ஸ்ப்ரெட்டையும் தனித்தனி டப்பாவில் ஃப்ரிட்ஜில் வைத்துவிடலாம்.

அடுக்கும் வேலை இரண்டரை மணிக்கு. இரண்டு துண்டிலும் வெண்ணெய், ஓரம் வரை. அடித் துண்டில் வெண்ணெய் மேல் ஸ்ப்ரெட், அதன் மேல் வெள்ளரி ஒன்றின் மேல் ஒன்று பாதி ஏறியபடி இரண்டு வரிசை, மேல் துண்டு. உள்ளங்கையை விரித்து லேசாக ஒரு அமுக்கு. அடுக்கி முடித்த பின்தான் ஓரம் வெட்ட வேண்டும், முன்னாலேயே வெட்டினால் எந்த இரண்டு துண்டும் பொருந்தாது. பல் வைத்த கத்தியை அறுக்கிற மாதிரி ஓட்ட வேண்டும், அமுக்கக் கூடாது. மூன்று நான்கு வெட்டுக்கு ஒரு தடவை கத்தியைத் துடைத்தால் பக்கங்களில் பச்சை இழுக்காது. டிரேயில் ஒற்றை அடுக்கு, மேலே வெண்ணெய்த்தாள், அதன் மேல் நன்றாகப் பிழிந்த ஈரத்துணி. ஃப்ரிட்ஜ் வேண்டாம். நான்கு மணிக்குள் மேசைக்குப் போய், ஆறு மணிக்குள் தீர்ந்தால் நான்கு மணி நேர விலக்குக்குள் அடங்கிவிடும்.

அடுத்த விருந்து

இலையுதிர் காலத்தில் மறுபடி ஒரு விருந்து. அதே குழு, கிட்டத்தட்ட அதே கூட்டம். முதல் எதிர்ப்பு நேரம் பற்றித்தான் வந்தது. காலையிலேயே எல்லாவற்றையும் முடித்துவிட்டு வீட்டுக்குப் போய் உடை மாற்றி வருவது அவர்கள் வழக்கம், இப்போது இரண்டரை மணிக்கு நான்கு பேர் சமையலறையில் நிற்க வேண்டும். கடைசியில் முட்டையையும் சால்மனையும் காலையில் செய்வது, வெள்ளரியை மட்டும் மதியத்தில் அடுக்குவது என்று முடிவாயிற்று. வெண்ணெய் பூசிய அந்த சாண்ட்விச்சைப் பார்த்து, கொழுப்பு கூடிவிட்டதே என்று ஒருவர் சொன்னார். உண்மைதான், கூடியிருக்கிறது. ஸ்ப்ரெட்டை இரண்டு பக்கமும் தடவுவதை விட்டு ஒரு பக்கமாக்கியதில் கொஞ்சம் ஈடு.

அன்று வெள்ளரித் தட்டுகள் சால்மனுக்கு முன்னால் காலியாயின. அதற்கு உப்பும் வெண்ணெயும் மட்டும் காரணம் என்று சொல்ல மாட்டேன். சால்மன் அன்று கொஞ்சம் உப்பு தூக்கல்.

தீராதது ஒன்று பாக்கி இருக்கிறது. கோதுமை ஒவ்வாதவர்கள் ஐந்தாறு பேர் வருகிறார்கள். அவர்களுக்கான அரிசிமாவு பிரெட் இந்த முறைக்கு ஒத்துழைக்க மறுக்கிறது. இளகிய வெண்ணெயைத் தடவினாலே பொடிந்து உதிர்கிறது, மூன்று விரலாக வெட்டினால் நடு விரல் உடைகிறது. இப்போதைக்கு அவர்களுக்கு மேல் துண்டு இல்லாமல், சின்னச் சதுரமாக வெட்டி, வெண்ணெய்க்குப் பதில் கெட்டி ஸ்ப்ரெட்டைத் தடித்துப் பூசி, பரிமாறும் நேரத்தில் மட்டும் வெள்ளரியை மேலே வைத்துக் கொடுக்கிறோம். தனிப் பலகை, தனிக் கத்தி. பிரெட்டை லேசாக உறைய வைத்து அந்த நிலையிலேயே வெண்ணெய் தடவிப் பார்க்கலாம் என்று அக்கா சொல்லியிருக்கிறார். வசந்த கால விருந்துக்கு அதைத்தான் முயலப் போகிறோம்.